அடிப்பிடித்த குரல்

மலேசியாவில் செகிஞ்சான் ஊருக்குப் போகும் பஸ்ஸில் எனக்கு முன் இருக்கையில் ஒரு கணவனும் மனைவியும். தொண்டை ஆப்பரேஷனுக்குப் பிறகு டாக்டர் இன்றுதான் கணவரைப் பேச விட்டிருக்கிறார். குரல் கரகரவென்று வந்தது. அந்த அம்மாவுக்கோ யார் குரலைக் கேட்டாலும் நாக்கில் ஒரு ருசி தட்டுமாம்.

"உண்மைய சொல்லு லா. என் குரலு இப்ப என்ன ருசி?"

"முன்ன சக்கரைப் பொங்கல். இப்ப அடிப்பிடிச்ச பொங்கல்."

அவர் முகம் வாடிவிட்டது. ஆற்றுப் பாலம் தாண்டியும் வாய் திறக்கவில்லை.

"ஏங்க, கோயில்ல பொங்கல் குடுத்தா நான் எதக் கேட்டு வாங்குவேன்?"

"அண்டா அடியில சுரண்டுனது."

"அப்புறம் என்ன? பேசுங்க."

செகிஞ்சான் வரை அவர் வாய் மூடவில்லை. முருகா, உனக்குக் கோடிக் கும்பிடு.