மேலே ஏறும் இறக்கம்

— ஏனுங்க இன்ஜினியர் சார், கண்ணு முன்னால ரோடு வானத்துக்கு ஏறுது. அங்க போயி ‘இது இறக்கம், எஞ்சினை நிறுத்தாதீர்’னு போர்டு நட்டா, நட்டவனுக்கு மறை கழண்டுருச்சும்பாங்க.

— சொல்லட்டும். நீங்க அன்னாசிய அறுங்க, சாமியப்பண்ணே.

— போர்டு வந்துட்டா, அறுத்தத வாங்க ஆளு வேணுமே! வாசலூர்பட்டி ஏரிக்குப் படகு சவாரி போற சனமெல்லாம் இங்க நின்னுட்டுத்தான் போகுது. வண்டி தானா மேல ஏறுதில்ல? மலைச்சாமி இழுக்குதுன்னு சொல்லி வெச்சிருக்கேன்.

— சாமிக்கு வேற வேலை இல்லீங்களா?

— அதென்ன, உங்களாட்டம் கையெழுத்துப் போட ஆபீசுக்கா போகுது?

— இந்த ரசமட்டத்தப் பாருங்க. குமிழி எந்தப் பக்கம் ஒதுங்குது?

— கீழ்ப்பக்கம். உங்க குமிழி குடிச்சிருக்குதுங்க.

— குமிழி மேட்டுப் பக்கந்தான் போகும். நீங்க கீழன்னு சொல்றதுதான் மேடு. இங்க பாறையும் சாஞ்சிருக்கு, சில்வர் ஓக் மரமும் சாஞ்சிருக்கு. மூளை அதெல்லாம் நேரா நிக்கறதா எடுத்துக்கிட்டு ரோட்டத் தூக்கிக் காட்டுது.

— என் மூளை என்னையே ஏமாத்துதுங்களா? ஊட்டுக்காரி ஒருத்தி பத்தாதா!

— எல்லாரையும்தான். மட்டம் வெச்சுப் பார்த்தும் எனக்கு ஏத்தமாத்தான் தெரியுது.

— பாத்தீங்களா! எதை எழுதிப் போட்டாலும் கண்ணு கேக்காதுங்க. பொறவு எதுக்குப் போர்டு? என் பொழப்பக் கெடுக்கவா?

— போன ஆவணியில ஒரு ஸ்கூட்டி போச்சே.

— ஆமாங்க. நீலச் சுடிதாரு. எஞ்சினை நிறுத்திட்டுப் போச்சு. ஏத்தந்தானே, தானா நின்னுக்கும்னு பிரேக்கே புடிக்கல போல. அப்புறம் அந்த வளைவுல... ஏன் சார், உங்களுக்குத் தெரிஞ்ச புள்ளைங்களா?

— என் சம்சாரம். மொளகாப்பொடி போடாதீங்க, எனக்கு ஒத்துக்காது.

— கடப்பாரைய இப்படிக் குடுங்க சார்.

— எதுக்கு?

— குழிய நான் தோண்டறேன்.

— பொழப்புக் கெட்டுரும்னீங்க?

— ‘எஞ்சினை நிறுத்திப் பாரு கண்ணு, சாமி இழுத்துட்டுப் போகும்’னு அந்தப் புள்ளகிட்டச் சொன்னதே நாந்தானுங்க.