அம்மா யார், கையைத் தூக்குங்கள்

அவைக்கு அணியாய் அமர்ந்திருக்கும் தலைவர் அவர்களே, எனக்கு முன்னே அனல் பறக்கப் பேசி ஓய்ந்த ஆன்றோர்களே, மடியில் மழலையோடு முன்வரிசையை நிறைத்த தாய்மார்களே, பெற்றவர்களே, பெறாமலே வளர்த்தவர்களே, உங்கள் எல்லோருக்கும் ஒரு பிரசவ வார்டு நர்ஸின் வணக்கம்!

வாடகைத் தாய்மை விற்பனை என்றார் ஒருவர். வேள்வி என்றார் இன்னொருவர். வயிறு யாருடையதோ, அவளைக் கேட்டாரா எவரேனும்? வறுமை பிடரியைப் பிடித்துத் தள்ளி வந்தவள் என்றால், அந்த ஒப்பந்தத்தைக் கிழிக்க முதல் ஆளாய் நான் வருவேன். விரும்பிச் சுமந்தவளை என்ன சொல்வீர்கள்?

ஓர் அக்காள், ஒரு தங்கை. அக்காளுக்கு மூன்று முறை கலைந்தது. அக்காளும் அத்தானும் தந்த கருவைத் தங்கை தன் வயிற்றில் தாங்கினாள். பிரசவத்தன்று அக்காள் என் காதோடு சொன்னாள்: "சிஸ்டர், பெத்தவ தரமாட்டேன்னுட்டா நான் என்ன பண்ணுவேன்? கேக்கவும் வாய் வரல."

பெண் குழந்தை. பிஞ்சு மணிக்கட்டில் கட்டும் பட்டையில் தாயின் பெயர் எழுத வேண்டும். வார்டு நிறையப் படுத்திருக்கும் தாய்மார்களைக் கேட்டுக் கேட்டு இருபது வருடப் பழக்கம், வாய் முந்திக்கொண்டது. "குழந்தையோட அம்மா யாரு, கையைத் தூக்குங்க" என்றேன்.

ஒரு கையும் உயரவில்லை! அக்காள் தங்கையைப் பார்க்கிறாள். தங்கை அக்காளைப் பார்க்கிறாள். எனக்கோ எரிச்சல். "என்னம்மா, புள்ள தானா முளைச்சுதா?" என்றேன். சிரிக்கிறீர்கள், சிரியுங்கள். அன்று அங்கே யாரும் சிரிக்கவில்லை.

தங்கை அழுதாள். ஆம், அவளுக்கு வலித்தது, நான் மறைக்கமாட்டேன். முகத்தைத் துடைத்துக்கொண்டு சொன்னாள்:

"கையைத் தூக்குக்கா. நான் சின்னம்மா. அதுலயும் அம்மா இருக்குல்ல, எனக்கு அது போதும்."

அக்காளின் கை உயர்ந்தது. மாதக்கணக்கில் அடைத்திருந்த மூச்சு அப்பாடா என்று வெளியே வந்தது. எனக்கும்தான்!

வாடகை! வாடகை! வாடகை! யார் ஒட்டிய சொல் அது? சின்னம்மா என்ற சொல் நம் வீட்டிலேயே இருக்க, கடைத்தெருச் சொல் எதற்கு? உடன்பிறவாதவள் சுமந்தாலும் சின்னம்மா என்று அழையுங்கள். அப்படி அழைத்து வீட்டுக்குள் உட்காரவைக்க மனமில்லையா? அவளைச் சுமக்கச் சொல்லாதீர்கள்!

என்ன அம்மா, நேரமாகிறதா? முடித்துவிட்டேன். போன வாரம் தடுப்பூசிக்கு வந்தாள், வளர்ந்து சிறுமியாகிவிட்ட அந்தக் குழந்தை. ஊசியைக் கண்டதும் "அம்மா" என்று கத்தினாள். இரண்டு பேரும் எழுந்து ஓடிவந்தார்கள்.

இருந்து கேட்ட உங்களுக்கு நன்றி. வீட்டுக்குப் போனதும் உங்கள் சின்னம்மாவிடம் ஒரு வார்த்தை பேசுங்கள். வணக்கம்!