நகராத புகையைச் சந்தேகித்தவருக்கு

எங்கள் ரப்பர்த் தோட்ட மருந்தகத்தில் நெடுங்காலம் டிரஸ்ஸராகப் பணியாற்றி இன்று ஓய்வு பெறும் பெருமதிப்பிற்குரிய திரு. திருநாவுக்கரசு அவர்களே!

மலேரியாக் காய்ச்சலுக்கான கொய்னா மாத்திரை தொண்டைக்குள் இறங்கும்வரை எங்கள் வாயைப் பார்த்து நின்றவரே! வயிற்றுவலி என்று வந்தவனிடம் வயிற்றைத் தவிர மற்ற எல்லாவற்றையும் விசாரித்தவரே! எதையும் எளிதில் நம்பாத பெரியவரே, வணக்கம்.

கருணை, பொறுமை, கடமை என்று எழுதுவது இத்தகைய மடல்களின் வழக்கம். அவை உங்களிடம் உண்டு. எனினும் இந்தத் தோட்டம் அதிகம் நன்றி சொல்ல வேண்டியது உங்கள் சந்தேகத்துக்கு. அதைச் சொல்ல, உங்களையே சந்தேகித்த ஒருவரிடமிருந்து தொடங்க வேண்டும். அவர் எங்களை வேலை வாங்கும் மண்டோர் தங்கராஜு.

போரின்போது ஜப்பான்காரர் ஆண்ட காலத்தில் கடிகாரங்களைத் தோக்கியோ நேரத்துக்குத் திருப்பி வைத்தார்கள். கடிகாரத்தில் விடியற்காலை, ஆள் கணக்கெடுக்கும் பெரட்டுக் களத்திலோ கும்மிருட்டு. மண்ணெண்ணெய் கிடையாது. ஆலையிலும் விளக்கு இல்லை. மாசி மாதம், பால்மரங்கள் இலை உதிர்த்து நின்றன. அவ்வளவு வானத்தை அந்தக் களத்தில் யாரும் அதற்குமுன் பார்த்ததில்லை. தெற்கே சிலுவைபோல் நிற்கும் நான்கு விண்மீன்களுக்கு இடப்பக்கம், சற்று மேலே, ஒரு புகை தெரிந்தது. மூச்சுப்பட்ட கண்ணாடிக்குப் பின்னால் வைத்த திரிபோல, விளிம்பில்லாத ஒளி.

கோயில் பண்டாரம் ஆறுமுகம் அதை வால்வெள்ளி என்றார். வால் எங்கே என்று கேட்டவனிடம், "இப்பத்தான் பொறந்திருக்கு. பொறந்த பிள்ளைக்கு மீசை தேடுவியா?" என்றார். வால்வெள்ளி வந்தால் ஆட்சி மாறும். சித்திரைக்குள் ஜப்பான் கொடி இறங்கிவிடும் என்று வரிசை வீடுகளில் லயத்துக்கு லயம் பேச்சு ஓடியது.

தங்கராஜு அதை நம்ப ஆசைப்பட்டார். சயாம் ரயில்பாதைக்கு ஆள் பிடிக்கும் லாரி பக்கத்துத் தோட்டம்வரை வந்துவிட்டது. மகன் சந்திரனுக்குப் பத்தொன்பது வயது. சதுப்புக்காட்டில் ஒரு பரண், சித்திரைவரை தாங்கும் மரவள்ளிக்கிழங்கு, இவ்வளவு போதும் என்று கணக்குப் போட்டார். பக்கத்து லயத்துத் தாயம்மாவின் மகன் ராமசாமியும் அவன் தம்பியும் தங்களுக்குப் பரண் கட்டியே விட்டார்கள்.

அது வால்வெள்ளிதானா என்று சந்தேகமாக இருக்கிறது என்று நீங்கள் ஒருவர்தான் சொன்னீர்கள்.

அன்றே தங்கராஜுவுக்கு உங்கள்மேல் சந்தேகம் விழுந்தது. ஜப்பான் அதிகாரி உங்களிடம் கொய்னாவுக்கு வருவார். போகும்போது ஓர் அரிசிப் பொட்டலம் வைத்துவிட்டுப் போவார். தோட்டமே கிழங்கு தின்ற நாட்களில் மருந்தகத்தில் கஞ்சி மணத்தது. அது வார்டில் படுத்திருந்தவர்களுக்குப் போன கஞ்சி என்பது அவருக்குத் தெரியாது. இந்த ஆட்சி போகாது என்று எவன் சொல்வான்? அதனிடம் அரிசி வாங்குகிறவன்தானே சொல்வான்? அவர் மனைவி மயிலம்மாளுக்கும் அதே எண்ணம். "அந்தாளு யாரு கண்ணையும் பாத்துப் பேசமாட்டாரு லா. நாக்கைத்தான் பாப்பாரு."

தங்கராஜு நேரே வந்து கேட்டார். பழைய டாக்டர் விட்டுப்போன புத்தகத்தில் படித்ததை நீங்கள் சொன்னீர்கள். வால்வெள்ளி தேடிய ஒரு பிரெஞ்சுக்காரரை இத்தகைய புகைகள் பலமுறை ஏமாற்றினவாம். மற்றவர்களும் ஏமாறக்கூடாதென்று அவர் அவற்றைக் குறித்து வைத்தாராம். பெரிய தூரக்கண்ணாடிகள் வந்தபின், சில புகைகள் விண்மீன் கூட்டங்களாகப் பிரிந்தன. சில வாயு மேகங்கள். சில நம் பால்வீதிக்கே வெளியே கிடக்கும் வேறு பால்வீதிகள். வால்வெள்ளி மீன்களுக்கிடையே இடம் மாறும். இவை மாறா.

புத்தகம் எழுதியவன் ஜப்பானுக்கு வேண்டியவனா என்று தங்கராஜு கேட்டார். நீங்கள் சிரிக்கவில்லை.

"என்னை நம்பாதீங்க மண்டோரே. புஸ்தகத்தையும் நம்பாதீங்க. நீங்களே அளந்து பாருங்க."

ஓர் ஈர்க்கை முக்கோணமாக மடித்தீர்கள். கையை நீட்டிப் பிடித்தால் இரண்டு மூலை இரண்டு மீன்மேல். மூன்றாவது மூலை புகைமேல். நீங்கள் மடித்ததைத் தங்கராஜு தொடவில்லை. தம் வீட்டு விளக்குமாற்றிலிருந்து வேறொன்றை உருவி, தாமே மடித்து, அத்தாப்பு ஓலைக் கூரையில் செருகி வைத்தார். பெரட்டுக்குப் பெரட்டு, யாரும் பார்க்காதபோது நீட்டிப் பார்த்தார். முக்கோணம் கொஞ்சம் சாய்ந்தது. மணிக்கட்டைத் திருப்பினால் சரியாயிற்று. மாசி போய்ப் பங்குனி வந்தது. புகை மூலையை விட்டு விலகவில்லை.

புகை நகராவிட்டால் சித்திரைக் கணக்கும் இல்லை. சித்திரைவரை மட்டும் ஒளித்து வைக்கிற பிள்ளையை அதற்குப்பின் எங்கே ஒளிப்பது?

லுக்குட்டில் கடை வைத்திருந்த காதர் மைதீன், சி ரூசா கரையில் கடல்நீரை உப்பாகக் காய்ச்ச ஆள் தேடிக்கொண்டிருந்தார். உப்பு ஜப்பான்காரருக்கும் வேண்டியிருந்தது; அதைக் காய்ச்சுகிறவனை லாரியில் ஏற்றமாட்டார்கள். சந்திரன் அங்கே போனான். உங்களிடம் மட்டும், பையன் சுங்கை காடுட்டில் அத்தை வீட்டில் இருப்பதாகத் தங்கராஜு தாமே வந்து சொன்னார். சுங்கை காடுட்டுக்குச் சிப்பாய்கள் போனால் நீங்கள் யாரென்று தெரிந்துவிடும்.

லாரி வந்தது. மண்டோரின் மகன் எங்கே என்று அதிகாரி பெரட்டுக் களத்திலேயே உங்களைக் கேட்டார். தெரியாது என்றீர்கள். துப்பாக்கிக் கட்டை உங்கள் இடது காதில் விழுந்தது. மறுபடியும் கேட்டார். மறுபடியும் தெரியாது என்றீர்கள். தங்கராஜு வரிசையில் நின்று பார்த்துக்கொண்டிருந்தார். சுங்கை காடுட்டுக்கு ஒரு சிப்பாயும் போகவில்லை.

மறுநாள் அவர் மருந்தகத்துக்கு வந்தார். காதில் பஞ்சோடு இருந்த நீங்கள் அவரைப் பேசவிடவில்லை.

"போன வாரம் உங்க வீட்டுலருந்து இங்க கொப்பளிக்கக் கொண்டாந்த உப்பு ரொம்ப வெள்ளை, மண்டோரே. சுங்கை காடுட்லே ஏது கடல்?"

எல்லாம் அறிந்தே அடி வாங்கியிருக்கிறீர்கள் என்று அப்போதுதான் அவருக்கு விளங்கியது.

ராமசாமியிடமும் அவன் தம்பியிடமும் நீங்கள் ஈர்க்கோடு போனீர்கள். அரிசி தின்கிற வாய் அப்படித்தான் பேசும் என்று சொல்லி அனுப்பினார்கள். சித்திரை வந்தது. கொடி இறங்கவில்லை. கிழங்கு தீர்ந்து வெளியே வந்தவர்களை அடுத்த லாரி ஏற்றிக்கொண்டது. சயாமிலிருந்து இருவரும் திரும்பவில்லை. இதை எழுதச் சொன்னவரே அவர்கள் தாயார்தான். தாயம்மா முன்வரிசையில் இருக்கிறார்.

போர் முடிந்து வந்த புது டாக்டரின் தூரக்கண்ணாடியைத் தங்கராஜுவிடம் நீங்கள் கொடுத்தீர்கள். புகை, கறுப்புத் துணியில் சலித்த அரிசிமாவுபோல் பிரிந்தது. ஒவ்வொரு துகளும் ஒரு சூரியன் என்றீர்கள். யார் போய்ப் பார்த்தது என்று அவர் கேட்டார். உங்களுக்கு அவ்வளவு மகிழ்ச்சி வந்து நாங்கள் கண்டதில்லை.

பெரியவரே! உங்கள் வலது காதுக்கு எட்டும்படி இந்த மடல் உரக்க வாசிக்கப்படுகிறது. இதைச் சட்டமிட்டபோது, கூரையிலிருந்த ஈர்க்கையும் கண்ணாடிக்குள் வைக்கத் தங்கராஜு கேட்டுக்கொண்டார். உங்கள் கை அவர் கையைவிடக் குட்டை. எடுத்து நீட்டும்போது தலையைக் கொஞ்சம் பின்னால் சாய்த்துக்கொள்ளுங்கள். இந்த மாசியிலும் அவர் ஒருமுறை பார்த்துவிட்டுத்தான் கொடுத்தார். நகரவில்லை.

அதுபோல் நீங்களும் எங்களுக்கிடையே, இருக்கும் இடத்தில், நோயின்றி நெடுநாள் இருங்கள். இருக்கிறீர்களா என்று நாங்கள் அடிக்கடி வந்து பார்ப்போம்.

இங்ஙனம்,
புக்கிட் பெலண்டோக் வட்டாரத் தோட்டத்தின் தொழிலாளரும் பணியாளரும்

வாசிப்பவர்: தங்கராஜு மகன் சந்திரன்