வெளித் தாழ்ப்பாள்

ம்ம், அதேதான். நீங்களும் அங்கதான் வந்து நிப்பீங்கன்னு தெரியும் தம்பி. இதுக்கு முன்னாடி வந்த பேராசிரியரும் அதைத்தான் கேட்டாரு. கதை பூரா கடலு, கப்பலு. கடல்ல ஏது தாழ்ப்பாள்? உங்க வீட்டுக்காரரு எதுக்கும்மா இந்த நாவலுக்கு வெளித் தாழ்ப்பாள்னு பேரு வெச்சாருன்னு.

நீங்க என்ன நினைக்கிறீங்க? உலகம் மனுசனை வெளியிலேர்ந்து பூட்டி வெச்சிருக்குன்னா? நல்லாருக்கு. பரிசு குடுத்த மேடையிலயும் ஒருத்தர் அதையே அரைமணி நேரம் பேசுனாரு. இவரு பக்கத்துல உக்காந்து தலையாட்டிட்டிருந்தாரு. ஆமாம்னும் சொல்லல, இல்லைன்னும் சொல்லல. சாகுறவரைக்கும் அப்படித்தான்.

அந்தா, அந்தப் பச்சைக் கதவைப் பாருங்க. தாழ்ப்பாள் எந்தப் பக்கம் இருக்கு? ஆங். உள்பக்கம் இருந்ததைக் கழட்டி ஹால் பக்கம் மாட்டச் சொன்னாரு. தச்சருக்கு ஒண்ணும் வெளங்கல, நாய் வளக்கப் போறீங்களான்னு கேட்டாரு. நாய் இல்ல, நானும் எம்பொண்ணும். இவரு இங்க எழுத உக்காந்தா எங்க ரெண்டு பேரையும் உள்ள விட்டுத் தாழ் போட்டுருவாரு. புள்ள ஓடி வந்து பேனாவைப் புடுங்குதாம், கற்பனை கலைஞ்சிருதாம். எழுதி முடிச்சா தொறப்பாரு. தொறந்ததும் டீ போடும்பாரு.

சண்டை போடலையான்னா? போட்டேன். காதுல வாங்குனாத்தானே.

உங்க ஆராய்ச்சி அந்தக் கப்பல் மூழ்குற அத்தியாயத்தைப் பத்தின்னுதானே சொன்னீங்க? நல்லா எழுதியிருக்காரு, இல்லைங்கல. ஒரே மூச்சுல எழுதுனது. அன்னிக்குப் பாப்பாவுக்கு இழுப்பு வந்துருச்சு. மூச்சு விட முடியாம என் புடவையைப் புடிச்சுக்கிட்டா. மருந்து இந்த அலமாரியில, இவரு தலைக்கு மேல. தட்டுனேன், கத்துனேன், காலால உதைச்சேன். இரு வர்றேன், இரு வர்றேன்னாரு. குரல்ல கோவம்கூட இல்ல தம்பி, பாதித் தூக்கத்துல பேசுற மாதிரி சொன்னாரு. அவரு வந்து தொறந்தப்போ, நான் தட்டுறதை நிறுத்தி வெகுநேரம் ஆயிருச்சு.

ஆஸ்பத்திரியில, கதவு இறுகிக்கிச்சுன்னு சொல்லிட்டாரு. துக்கத்துக்கு வந்தவங்க எல்லாம் அவரைக் கட்டிப் புடிச்சு அழுதாங்க. நான் ஒரு மூலையில உக்காந்திருந்தேன்.

மறுவருசம் புத்தகம் வந்துச்சு. முதல் பிரதியைக் கொண்டாந்து என் கையில குடுத்தாரு. நான் அட்டையைப் பாத்தேன். அவரு என் மூஞ்சியைப் பாக்கல. நானும் கேக்கல, அவரும் சொல்லல, போய்ச் சேந்துட்டாரு.

எழுதாதீங்க, அந்த நோட்டை மூடி வைங்க. ஊரு உலகமெல்லாம் அர்த்தம் சொல்லியாச்சு. நீங்க படிச்சவரு, எனக்கு இது ஒண்ணை மட்டும் சொல்லுங்க. அது எங்கிட்ட மன்னிப்புக் கேட்டு வெச்ச பேரா, இல்ல அட்டையில எடுப்பா இருக்கும்னு வெச்ச பேரா?