மூன்றாம் அழைப்பில் முழுப் பெயரும் சொன்ன வஹ்பி ஷஹாத்தா அவர்களுக்கு

வாசலில் நின்று வழக்கழைத்த வெண்கலக் குரலே! வந்தவனுக்கும் வராதவனுக்கும் ஒரே தொனியில் ஒலித்த வளையாத நேர்மையே! எங்கள் மேல்முறையீட்டு மன்றத்திலிருந்து இன்று ஓய்வுபெறும் மதிப்பிற்குரிய டவாலி வஹ்பி ஷஹாத்தா அவர்களே! தங்கள் மீது அமைதி உண்டாகட்டும்!

கீழ்மன்றத் தீர்ப்பு வந்த அன்றே தாடியைப் பிடித்துச் சத்தியம் செய்து மேல்முறையீடு போடுகிறார்கள். அழைக்கும் நாளில் ஒருவனுக்குப் பருத்தி எடுப்பு, ஒருவனுக்கு மச்சினன் கல்யாணம். ஆள் வராமல் வழக்கு பட்டியலிலிருந்து அடிபட்ட பிறகு ஓடிவந்து, "நீ மெதுவா கூப்பிட்ட!" என்று தங்கள் சட்டையைப் பிடிக்கிறார்கள். நைலின் அக்கரையில் மேயும் எருமையும் திரும்பிப் பார்க்கும் குரலாயிற்றே, அதுவா மெது? இத்தனை ஆண்டுகள் எப்படித்தான் பொறுத்தீர்களோ!

ஊர்க்கதை எதற்கு, என் வீட்டுக் கதையே போதும். எங்கள் குடும்ப அடக்கத்தலத்துக்குப் போகும் பாதையில் பங்காளி ஜாபிர் சுவர் எழுப்பி, கதவு வைத்துப் பூட்டினான். கீழ்மன்றமும் அவன் பக்கமே தீர்த்தது. மறைந்த என் அண்ணன் தர்வீஷின் பிள்ளைகள் ருஷ்தியும் நபவிய்யாவும் மேல்முறையீடு செய்தார்கள். அது போனால், எங்கள் வீட்டில் இறந்தவரைச் சுமந்துவரும் சந்தூக்கு ஜாபிரிடம் சாவி கேட்டு நிற்க வேண்டும்.

முதல் வாய்தாவில் ருஷ்தியும் ஜாபிரும் எதிர்த் தேநீர்க் கடையில் அமர்ந்திருந்தார்கள். முதலில் உள்ளே நுழைபவன் பணிந்தவன் என்பது இவ்வூர் ஆண்களின் கணக்கு. "ஜாபிர் எந்திரிக்கட்டும், நானும் எந்திரிக்கிறேன்" என்றான் ருஷ்தி. மூன்று முறை அழைத்தீர்கள், வழக்கு அடிபட்டது. கெடுவுக்குள் புதுப்பித்தோம். மறுபடியும் வராவிட்டால் அப்படியொரு மேல்முறையீடு பிறக்கவே இல்லை என்கிறது சட்டம்.

இன்று காலை, தங்கள் கடைசிப் பட்டியலில் எங்கள் வழக்கு. அதே கடை, அதே இரண்டு கழுதைகள்! பெண்ணின் பெயரை நாலு பேர் நடுவில் உரக்கச் சொல்லும் வழக்கம் எங்களிடம் இல்லை. எனவே, ருஷ்தி கேட்டுக்கொண்டபடி, "ருஷ்தியும் மற்றவரும்!" என்றே இருமுறை அழைத்தீர்கள். மூன்றாம் முறை, கோப்பில் உள்ளபடியே அழைத்தீர்கள்: "நபவிய்யா பின்த் தர்வீஷ்!"

பெண்கள் பெஞ்சிலிருந்து ஒரு கறுப்பு முக்காடு எழுந்தது.

"வர்றேன் மாமா. போன தடவையும் இதே பெஞ்சுலதான் உக்காந்திருந்தேன். என்னை யாரு கூப்பிட்டீங்க?"

ருஷ்தி தேநீர்க் கோப்பையோடு ஓடிவந்தான். "மாமா, எங்க மானமே போச்சே!"

"மானம் உள்ள போயிருச்சு தம்பி. நீயும் பின்னாலயே போ!" என்றீர்கள்.

குடும்பத்து மூத்தவன் நான் சினப்பேன் என்று பலர் எதிர்பார்த்தார்கள். சினந்தேன், ருஷ்தி மீது! எங்கள் வீட்டு மானத்தை இன்று காத்தவர்கள் அழைத்த தாங்களும் எழுந்து வந்த அவளும்தான். வழக்கு உயிரோடு இருக்கிறது, தீர்ப்பு வரட்டும்.

பெருந்தகையே! இனி யார் கூப்பிட்டாலும் முதல் அழைப்பில் எழாமல் சோம்பிக் கிடக்கும் உரிமை தங்களுக்கு உண்டு. தங்கள் உடல் நலமாகவும் இல்லம் நிறைவாகவும் இருக்கட்டும். இறைவன் தங்கள் பெயரை அழைக்கும் நாள் வாய்தா மேல் வாய்தாவாகத் தள்ளிப்போகட்டும்!

மன்றப் பணியாளர் அனைவர் சார்பிலும்,
அப்துல் முஹைமின்,
தலைமை எழுத்தர்