செங்கோட்டையனுக்குச் சுட்ட நண்டு வடை

நண்டு வடைக்கு அடுப்பு நிதானமாக எரிய வேண்டும், அம்மணி. அவசரப்பட்டால் மேலே கருகி உள்ளே சளசளவென்று நிற்கும். நீங்கள் இன்ஸ்பெக்டர்தான், ஆனாலும் என் மகள் வயசு, அம்மணி என்றுதான் வாயில் வருகிறது. எழுதிக்கொள்ளுங்கள். சுப்பையன், வயது அறுபத்தொன்பது, மோகனூர், முப்பத்திநாலு வருஷம் லாரி ஓட்டி ஓய்ந்தவன்.

காக்கிநாடாவில் லோடுக்குக் காத்துக் கிடந்த நாட்களில் கற்ற பக்குவம் இது. வாய்க்கால் நண்டு அறுபதை மஞ்சள் போட்டு அவித்து, ஊக்கால் சதையை நோண்டி எடுத்தேன். காலையில் உட்கார்ந்தவன் எழுந்தபோது எனக்கு இரண்டு வயசு கூடியிருந்தது. அதோடு மசித்த உருளைக்கிழங்கு, சின்ன வெங்காயம், மிளகு, சோம்பு, இரண்டு முட்டை. தட்டி, ரவையில் புரட்டி, தோசைக்கல்லில் கடலெண்ணெய் விட்டு, ஒரே ஒரு தரம் திருப்பிப் போட்டேன். அந்த வாசத்துக்குக் காவிரியே ஒரு நிமிஷம் நின்றுவிட்டுத்தான் போயிருக்கும்.

செங்கோட்டையன் என் சித்தப்பா மகன். நண்டு அவனுக்கு ஆகாது. பத்து வயசில் ஒரு நண்டுக்காலைக் கடித்ததற்கே முகம் பூசணிக்காயாகி மூச்சு முட்டியது. எங்கப்பா சைக்கிளை நாமக்கல் ஆஸ்பத்திரிக்கு மிதித்தார். பின்னால் அவனை மடியில் போட்டுக்கொண்டு உட்கார்ந்திருந்தவன் நான்தான்.

அப்படியிருக்க ஏன் என்று கேட்கிறீர்கள். நியாயமான கேள்வி.

மூன்று வருஷத்துக்கு முன்னால் என் சம்சாரம் சௌந்திரம் போய்ச் சேர்ந்தாள். கருமாதிப் பந்தியில் செங்கோட்டையன் சொன்னான்: "சாப்பாடு நல்லாருக்குதுங்ணா. அண்ணி சமைச்ச வரைக்கும் இந்த ஊட்டுல உப்பையே கண்டதில்லீங்க."

பந்தியே சிரித்தது. ஐந்நூறு பேர். இல்லை, ஐயாயிரம் பேர். இலையில் கிடந்த சோறுகூடச் சிரித்தது. நானும் சிரித்து வைத்தேன். அன்றிலிருந்து வயிற்றுக்குள் ஒரு லாரி இன்ஜின் நிற்காமல் உறுமிக்கொண்டிருக்கிறது.

பேச்சுவார்த்தை நின்றது. இந்த வருஷம் குலதெய்வத்துக்குப் பொங்கல். பங்காளிகள் பகையோடு ஒரே கோயிலில் பானை ஏற்றக்கூடாது என்று பெரியவர்கள் நெருக்கினார்கள். எங்கள் பக்கம் சமாதானம் என்றால் கையெழுத்து கிடையாது. அந்த ஊட்டில் கை நனைக்க வேண்டும், அதாவது வந்து சாப்பிட வேண்டும். வைத்ததைத் தின்னாமல் எழுந்தால் பகை பகைதான். அதனால் நானே போய் அழைத்தேன்.

மத்தியானம் வெள்ளை வேட்டியோடு வந்தான். தட்டைப் பார்த்தான்.

"ஏனுங்ணா, வாசம் ஒரு மாதிரி இருக்குதுங்களே. நண்டு கிண்டு இல்லீங்களே?"

"நாமக்கல் சீமையில முட்டைக்கா பஞ்சம்? தின்னு சாமி."

முட்டை இருந்ததா இல்லையா? இருந்தது. பொய் சொல்லி எனக்குப் பழக்கமில்லை.

அவன் கொஞ்சம் தயங்கினான். எழுந்தால் சமாதானம் கெட்டுவிடுமே. தின்றான். முதல் வடையோடு விட்டிருப்பேன் அம்மணி, தட்டை எடுக்கக் கைகூட நீட்டினேன். அப்போதுதான் சப்புக் கொட்டிக்கொண்டு சொன்னான்: "உப்புத்தான் பத்தலீங்ணா. அண்ணி கைப்பக்குவம் அப்படியே உங்களுக்கு வந்திருச்சு."

இன்னும் இரண்டு வைத்தேன்.

மூன்றாவதில் பாதி இருக்கும்போது உதடு தடித்தது. கழுத்தைப் பிடித்துக்கொண்டு, "அண்ணா, வண்டிய எடுங்க" என்றான். கார் சாவி என் சட்டைப் பையில் இருந்தது. நான் அலமாரியில் தேடினேன். சாமி ரூமில் தேடினேன். அரிசி மூட்டைக்குள்கூடக் கையை விட்டுத் தேடினேன். ரொம்பப் பொறுப்பாகத் தேடினேன். திரும்பி வந்தபோது அவன் அமைதியாகியிருந்தான். உப்பு டப்பாவை எடுத்து அவன் தட்டுக்குப் பக்கத்தில் வைத்தேன்.

ஆமாம், தெரிந்தேதான் செய்தேன். கொன்றது நான்தான், எழுதிக்கொள்ளுங்கள். ஆனால் சௌந்திரத்தின் மானத்துக்காகச் செய்தேன் என்பதையும் சேர்த்து எழுதுங்கள். உப்பு பத்தவில்லை என்று நாற்பது வருஷம் அவள் மேல் தட்டை வீசியிருக்கிறேன். ஒரு தரம் நெற்றியில் நாலு தையல். அது கட்டினவன் உரிமை. அடுத்தவன் சொன்னால் அவள் மனசு என்ன பாடுபடும்?