இடையில் இருந்திருக்க வேண்டிய குழல்

அருங்காட்சியகங்களில் கண்ணாடிப் பெட்டிக்குப் பக்கத்தில் வைத்திருக்கும் விளக்க அட்டையை யாரும் முழுதாக வாசிப்பதில்லை. பதினோரு வருடங்களாக அந்த அட்டைகளை எழுதிப் பிழைத்தவன் என்பதால் இதை வருத்தமில்லாமல் சொல்கிறேன். பள்ளிக்கூடப் பிள்ளைகள் முதல் வரியைப் பார்ப்பார்கள், பெரியவர்கள் வருடத்தைப் பார்ப்பார்கள், பிறகு எல்லோரும் கழிப்பறை எங்கே என்று கேட்பார்கள்.

விசாரணைக் குழுவினராகிய நீங்கள் ஒன்பது கேள்விகள் அனுப்பியிருக்கிறீர்கள். ஆனந்தராசா, நீங்கள் தமிழிலேயே எழுதலாம், நாங்கள் மொழிபெயர்த்துக்கொள்வோம் என்றும் சொல்லியிருக்கிறீர்கள். நன்றி. ஒன்பது கேள்விகளும் ஒரே பொருளைப் பற்றியவை. நம் துபாய் சேகரிப்பில் உள்ள இரண்டு சாவிக் குழல் உண்மையா போலியா, யார் செய்தது, மரம் எங்கிருந்து வந்தது, நிறம் எப்படி ஏறியது. கார்மேகத்தைப் பற்றி ஒரு கேள்விகூட இல்லை. அது உங்கள் குற்றமில்லை, அவன் பெயர் உங்களுக்குத் தெரிந்திருக்க வழியில்லை. ஆனால் ஒழுங்காகப் பதில் சொல்ல வேண்டுமென்றால் அவனையும் சொல்லித்தான் ஆக வேண்டும்.

முதலில் குழல். கிளாரினெட் பிறப்பதற்கு முன் ஐரோப்பாவில் ஷாலுமோ என்றொரு சின்னக் குழல் இருந்தது. வாயில் வைக்கும் முனையில் ஒற்றை நாணல் தகடு. விரல்களுக்கான துளைகள் போக, மேலே முன்னும் பின்னும் நேர் எதிரெதிராக இரண்டு துளைகள். அவற்றை மூடித் திறக்க இரண்டு பித்தளை நெம்புகள். அவற்றைத்தான் சாவி என்கிறோம். தாழ்ந்த குரலில் பத்துப் பன்னிரண்டு சுரம் பேசும். அதற்குமேல் தம் கட்டி ஊதினாலும் ஏறாது. ஆயிரத்து எழுநூறு வாக்கில், நூரம்பெர்க் நகரில் டென்னர் என்ற குழல் செய்பவரின் வீட்டில், அந்தப் பின்துளையைச் சற்று மேலே நகர்த்தினார்கள், நன்றாகச் சிறிதாக்கினார்கள். அவ்வளவுதான் காரியம். அந்தச் சாவியைத் திறந்து ஊதியதும் குழல் தன் பழைய எல்லையைத் தாண்டி மேலே குதித்தது. மேல்குரல் எக்காளம் மாதிரி ஒலித்ததால் சின்ன எக்காளம் என்ற பொருளில் கிளாரினெட் என்று பெயரும் வைத்தார்கள்.

செய்தது தகப்பனா மகனா என்று அறிஞர்கள் இன்றும் அடித்துக்கொள்கிறார்கள். என் கருத்து வேறு. துளையை நகர்த்தியது ஒரு நாள், சிறிதாக்கியது இன்னொரு நாள். நகர்த்தியவருக்குத் தான் என்ன செய்தோம் என்றே தெரிந்திருக்காது. ஆகவே, துளை நகர்ந்தும் இன்னும் சிறுக்காத ஒரு குழல் இடையில் இருந்திருக்க வேண்டும், ஒன்றாவது. அது எந்த வீட்டு அடுப்பிலோ விறகாகிவிட்டது. இதை முப்பத்திரண்டு வயதில், யாழ்ப்பாணத்தில், பாடசாலை பேண்டின் பழுதுபட்ட கிளாரினெட் ஒன்றையும் கொழும்பிலிருந்து தருவித்த மூன்று புத்தகங்களையும் வைத்துக்கொண்டு கட்டுரையாக எழுதி, ஐரோப்பாவில் ஒரு பெரிய நிபுணருக்கு அனுப்பினேன். இரண்டு வரியில் பதில் வந்தது. "அழகான ஊகம். பொருள் எங்கே?"

அவரை நான் குறை சொல்லவில்லை. நியாயமான கேள்வி. இருபது வருடம் அந்தக் கேள்வியோடு சாப்பிட்டேன், அந்தக் கேள்வியோடு தூங்கினேன். என் மனைவி பத்மாசனி ஒருமுறை, "உங்களுக்கு என்னிலும் பார்க்க அந்த ஓட்டையிலதான் பாசம்" என்றாள். பிறகு பிள்ளைகளையும் கூட்டிக்கொண்டு கனடாவுக்குப் போய்விட்டாள். அவள் சொன்னதில் பிழை ஒன்றும் இல்லை.

கார்மேகம் துபாயின் அல் கூஸ் பகுதியில் ஒரு தச்சுப் பட்டறையில் லேத்து வேலை செய்தவன். சிவகங்கைப் பக்கத்துக்காரன், முப்பத்தேழு வயது. பார்வையாளர்கள் எடுத்து ஊதிப் பார்க்க மாதிரிக் குழல்கள் செய்யலாம் என்று நிர்வாகம் அனுமதி தந்தபோது, பட்டறை முதலாளியிடம் அவனைக் கேட்டு வாங்கினேன். கட்டில் கால் கடைந்து பழகிய கை, மயிரிழை பிசகாது. மூன்று மாதிரிகள் செய்து கொடுத்தான். அவை கீழ்த்தளத்தில் குழந்தைகளின் எச்சிலோடு இன்றும் இருக்கின்றன, அவற்றைப் பற்றி யாருக்கும் சந்தேகம் இல்லை.

நான்காவதற்கு மட்டும் மரத்தை நான் கொடுத்தேன். பழைய பெட்டி ஒன்றோடு வந்த உருளை அது, அந்தக் காலத்துக் குழல்கள் கடைந்த அதே பாக்ஸ் மரம், எதற்குச் செய்தார்கள் என்று யாருக்கும் தெரியாது. பார்த்தாலே இருநூறு முந்நூறு வருடம் காய்ந்தது என்று தெரியும். பதிவேட்டில் 'சேதம், நீக்கப்பட்டது' என்று எழுதிவிட்டு எடுத்துக்கொண்டேன். கார்மேகத்திடம் இதுவும் மாதிரிதான் என்று சொன்னேன்.

துளை போடும்போது அவன் வரைபடத்தைத் திருப்பித் திருப்பிப் பார்த்தான்.

"சார், இந்தப் பின்னாடி ஓட்டை எடம் மாறி இருக்கே. மத்த மூணுலயும் இப்படி இல்லையே. தப்பாக் கீறிட்டீங்களா?"

"இல்லை. உது சரி. அப்பிடியே போடும்."

போட்டு முடித்து ஊதிப் பார்த்தான். குழல் மேலேயும் போகாமல் கீழேயும் நிற்காமல் கமறியது. "பாவம் சார், இதுக்கு எங்க போறதுன்னே தெரியல" என்று சிரித்தான். என் கட்டுரையை அவ்வளவு சுருக்கமாக எந்த அறிஞரும் சொன்னதில்லை. அன்று அவன்மேல் எனக்கு உண்மையான பிரியம் வந்தது.

இனி நிறம். கடைந்த மரம் வெளிறித்தான் இருக்கும். அந்தக் காலத்துக் குழல்காரர்கள் நைட்ரிக் அமிலம் பூசி, சூடு காட்டி, மரத்தைச் செம்பழுப்பாக்கினார்கள். நானும் அந்த வழியிலேயே போனேன். அமிலப் புட்டியோடு எச்சரிக்கைத் தாள் ஒன்றும் வந்தது, ஆங்கிலம், அரபி, இந்தி என்று மூன்று மொழிகளில். கார்மேகத்துக்குத் தமிழ் மட்டும்தான் வாசிக்க வரும். "என்ன சார் போட்டிருக்கு?" என்று கேட்டான். கையுறை போட வேண்டும், கண்ணில் படக் கூடாது, பட்டால் நிறையத் தண்ணீர் விட்டுக் கழுவ வேண்டும் என்று வாசித்துச் சொன்னேன். சொன்னவரையில் மொழிபெயர்ப்பு சரியானது.

அல் கூஸில் நம் கிடங்கின் பின்புறம் பொதி கட்டும் அறை ஒன்று இருக்கிறதல்லவா, சன்னல் இல்லாதது. அங்கிருக்கும் ஏசிக் குழாய்தான் வாத்தியங்கள் இருக்கும் பெரிய அறைக்கும் போகிறது. அமிலப் புகை பழைய மரத்துக்கும் ஆகாது, வெள்ளிக்கும் ஆகாது. அதனால் ஏசியை நிறுத்தினேன். நானே ஏணியில் ஏறிக் காற்றுவாயை நாடா ஒட்டி அடைத்தேன். கதவின் கீழ் இடைவெளியை வெளியிலிருந்து அடைத்தேன். பதினோரு வருடத்தில் என் பொறுப்பில் இருந்த எந்தப் பழைய வாத்தியத்துக்கும் ஒரு கீறல் விழுந்ததில்லை, பதிவேட்டைப் பாருங்கள். கார்மேகம் உள்ளே இருந்தான். துணி முகமூடி கொடுத்திருந்தேன்.

அது ஜூன் மாதம், ஒரு சனிக்கிழமை மதியம். முதல் பூச்சில் நிறம் திட்டுத் திட்டாக வந்தது. கதவைத் தட்டிக் குழலை வெளியே நீட்டினான், வெளிச்சத்தில் பார்த்துவிட்டுத் திருப்பிக் கொடுத்தேன். இரண்டாவது பூச்சுக்குப் பிறகு இருமினான்.

"சார், உள்ள செவப்பாப் பொகையுது. கொஞ்ச நேரம் கதவத் தொறந்து வைக்கவா?"

"இன்னும் ஒண்டுதான். கெதியா முடிச்சிட்டு வாரும்."

மூன்றாவது பூச்சில் நிறம் வந்தது. நல்ல தேயிலைச் சாயத்தில் கொஞ்சம் தேன் விட்டது போல. எனக்கு அழுகை வந்துவிட்டது, மறைக்கவும் இல்லை. "நல்லா வந்திருச்சுல்ல சார்" என்றான். கைகொடுத்தேன். ஐந்து மணிக்கு என் காரிலேயே அவனைத் தொழிலாளர் கேம்பில் இறக்கிவிட்டேன், வழியில் இருவரும் தேத்தண்ணி குடித்தோம். இருமல் நின்றிருந்தது. இப்போது நன்றாக இருக்கிறது என்றான்.

அந்தத் தாளில் நான் வாசிக்காமல் விட்ட பத்தி ஒன்று உண்டு. புகையைச் சுவாசித்தவர் முதலில் நன்றாகவே இருப்பார், பல மணி நேரம் கழித்துத்தான் நுரையீரலில் நீர் கோக்கும், ஆகவே ஒரு குறையும் தெரியாவிட்டாலும் உடனே ஆஸ்பத்திரிக்குப் போக வேண்டும். தடித்த எழுத்தில் இருந்தது. அவன் நன்றாக இருக்கிறது என்று சொன்னபோது அந்தப் பத்தி எனக்கு வரிக்கு வரி நினைவிருந்தது.

ஞாயிறு காலை எட்டரைக்குக் கேம்பிலிருந்து போன் வந்தது. பேசியவர் செய்கு அலாவுதீன், கார்மேகத்தோடு ஒரே ரூமில் இருப்பவர். "சார், கார்மேகத்துக்கு மூச்சு வாங்குது. படுக்க முடியல, விடிஞ்சதுலேருந்து உக்காந்தே இருக்கான். ஆம்புலன்ஸ் கூப்பிடவா?" வேண்டாம், நான் வருகிறேன் என்றேன்.

போனபோது கட்டில் விளிம்பில் முழங்காலைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தான். உதடு நீலமாக இருந்தது. என்னைப் பார்த்ததும் எழுந்திருக்கப் பார்த்தான்.

"ஒரு எட்டு ஆஸ்பத்திரி போயிட்டு வந்துரலாம் சார். பதினெட்டாந்தேதி லீவு. இப்படியே இருமிக்கிட்டு ஊருக்குப் போனா நாகஜோதி பயந்துரும்."

நாகஜோதி அவன் மனைவி. அவன் இன்னும் நேரில் பார்க்காத இரண்டாவது பிள்ளைக்கு ஊரில் காதுகுத்து வைத்திருந்தார்கள். அந்த லீவுக்காகப் பட்டறை முதலாளிக்குக் கடிதம் எழுதிக் கொடுத்தவன் நான்தான்.

அலாவுதீன் அவனைக் கைத்தாங்கலாகக் கூட்டிவந்து என் காரில் ஏற்றினார். "நீங்க கூட்டிட்டுப் போறது நல்லது சார். நாங்க போனா உக்கார வச்சிருவாங்க. ஆபீஸ் ஆளு நீங்க சொன்னா ஒடனே பாப்பாங்க" என்று என் கையைப் பிடித்துக்கொண்டார். பார்த்துக்கொள்கிறேன் என்றேன்.

ஆஸ்பத்திரியில் முதல் கேள்வி, எதைச் சுவாசித்தான் என்பது. அடுத்தது, எங்கே. அதற்கடுத்த கேள்வியில் குழல் போய்விடும். இதை நான் ஸ்டியரிங்கைப் பிடித்தபடி நிதானமாக யோசித்தேன். பதற்றத்தில் செய்தேன் என்று நீங்கள் பரிந்து எழுத வேண்டாம். அல் குசைஸில் உள்ள என் பிளாட்டை நோக்கி ஓட்டினேன். வழியில் பலகையைப் பார்த்துவிட்டு, "சார், ஆஸ்பத்திரியத் தாண்டிட்டீங்க" என்றான்.

"அங்கை இண்டைக்குச் சரியான சனம். உமக்குத் தடிமன்தான், வேறை ஒண்டும் இல்லை. முதல்ல வீட்டை போய் ஆவி பிடிப்பம்."

"சரிங்க சார்" என்றான்.

வீட்டில் இருந்த நல்ல கதிரையில் உட்கார வைத்தேன். ஆவி பிடிக்க வைத்தேன். இரண்டு பனடோல் கொடுத்தேன். அவன் போன் இரண்டு தடவை அடித்தது, நாகஜோதி. நோயாளிக்கு ஓய்வு வேண்டும் என்று அதை சைலண்டில் போட்டு உள்ளறையில் வைத்தேன். ஒரு மணிக்கு மேல் அவனால் பேச முடியவில்லை, வாயில் நுரை வந்தது. தாளும் பேனாவும் வேண்டுமென்று சைகை காட்டினான். கொடுத்தேன். 'டாக்டர்' என்று தமிழில் எழுதிக் காட்டினான், பிறகு அதன் கீழே 'சார்' என்று சேர்த்தான். அவன் பக்கத்தில் உட்கார்ந்து கையைப் பிடித்துக்கொண்டேன். மூன்று நாற்பதுக்கு முடிந்தது. நாலு மணிக்கு ஆம்புலன்ஸைக் கூப்பிட்டேன்.

இதயம் நின்றதால் மரணம் என்று எழுதினார்கள். வெயில் காலம், பட்டறை வேலை, வெளியூர்க்காரன். யாரும் மறுகேள்வி கேட்கவில்லை. உடலை ஊருக்கு அனுப்பும் காகிதங்களுக்காக நான்கு நாள் நானே அலைந்தேன். நாகஜோதி போனில், "கடைசி நேரத்துல நீங்க பக்கத்துல இருந்தீங்களாமே சார். அனாதையாச் சாகலன்னு நெனச்சுக்கிறேன்" என்றாள்.  

குழலைப் பற்றிய மிச்சமும் உங்களுக்குத் தெரியும். சேகரிப்பில் நான் பதிந்த நாளிலிருந்து எட்டு மாதம் அது உண்மையான குழலாக இருந்தது. அந்த நிபுணர், இப்போது தொண்ணூறு வயது, படங்களைப் பார்த்துவிட்டு ஒரு வரி எழுதினார், பொருள் கிடைத்துவிட்டது என்று. பிறகு நீங்கள் அழைத்துவந்த ஆய்வாளர் ஒரு சின்னக் கருவியைச் சாவியின்மேல் இரண்டு நிமிடம் பிடித்தார். பித்தளையில் துத்தநாகம் அதிகம், அந்தக் காலத்து உலையில் அவ்வளவு சேராது என்றார். அவர் சொன்னது சரி. அது ஃபாரூக் என்பவரின் ஹார்டுவேர் கடையில் நான் வாங்கிய தகடு. மரத்தையே நினைத்து நினைத்துப் பித்தளையை மறந்துபோனேன். இனி எங்காவது ஒரு மச்சில் உண்மையான இடைக்குழல் கிடைத்தாலும் என் பெயரைச் சொல்லிச் சிரித்துவிட்டுத் தூக்கிப் போடுவார்கள். இருபது வருடக் கட்டுரை தீர்ந்தது. கார்மேகத்தை அவன் ஊரில் எரித்து முடித்துவிட்டார்கள். இந்த வாக்குமூலத்தால் யாருக்கும் எதுவும் திரும்பக் கிடைக்கப்போவதில்லை. நாகஜோதிக்கு இருக்கும் ஒரே ஆறுதலையும் இது பிடுங்கிக்கொள்ளும், ஆகவே அவளுக்கு அனுப்புவதா வேண்டாமா என்பதை நீங்களே முடிவு செய்யுங்கள்.

நான் அவனைக் கொன்றேன் என்றே எழுதிக்கொள்ளுங்கள். தாளை முழுதும் வாசித்தபின் கதவை அடைத்தேன், ஆஸ்பத்திரியைத் தெரிந்தே தாண்டினேன், அவன் எழுதிக் காட்டியும் கூப்பிடவில்லை. இதில் எதையும் மறுக்கவில்லை. ஒன்றை மட்டும் நீங்கள் தவறாக எடுத்துக்கொள்ளக் கூடாது. அவன்மேல் எனக்குக் கோபமோ பகையோ ஒருபோதும் இருந்ததில்லை, மனிதனாக அவனை மதித்தேன். மூன்றாவது பூச்சிலும் நிறம் சரியாக வராமல் போயிருந்தால், அன்று சாயங்காலமே நானே அவனை ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோயிருப்பேன். இன்னொரு குழல் செய்ய அவன் வேண்டுமே.